உள்ளே கேட்ட கேள்வி

என் மாமியார் முப்பத்தோரு வருடம் சுக்கான் பிடித்தவர். அத்தனை வருடத்தில் தண்ணீரின் மேல் ஒரு தடவைகூட வாய் தவறி ஒரு கேள்வி கேட்டதில்லை. அப்படிப்பட்டவர் போன மாதம் நட்டநடு நீரில் என் கண்ணைப் பார்த்து ஒன்று கேட்டார். வாய் தவறியெல்லாம் இல்லை, வேண்டுமென்றேதான் கேட்டார். மூன்று உயிர் போயிருக்க வேண்டியது.

முதலில் அந்த நீரைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். வெளியூர்க்காரர்கள் அதற்கு என்னென்னவோ பயங்கரமான பெயர் வைத்திருக்கிறார்கள். நாங்கள் 'உள்ளே' என்போம், அவ்வளவுதான். எங்கள் துறையிலிருந்து அரை மணி நேரம் துடுப்புப் போட்டால் இரண்டு சிவப்பு மிதவைகள் வரும். அவற்றைத் தாண்டினால் உள்ளே. அலை கிடையாது, காற்று கிடையாது. அங்கிருந்து அக்கரைப் பக்கத்து மிதவைகள் வரை முக்கால் மணி நேரம். அந்த முக்கால் மணி நேரமும் படகில் யாரும் பொய் சொல்லக் கூடாது. சொன்னால் படகுக்கு அடியில் தண்ணீர் பள்ளம் விடும். சின்னப் பொய்க்கு ஒரு முழம், பெரிய பொய்க்கு ஆளுயரம். அதற்கும் கீழே போனால், சுற்றிலும் சுவராக நிற்கிற தண்ணீர் தலைக்கு மேல் மூடிக்கொள்ளும். கேள்வி கேட்டுப் பதில் வராவிட்டாலும் அதே கதிதான். பதில் வரும்வரை பள்ளம் கொஞ்சம் கொஞ்சமாக ஆழமாகிக்கொண்டே போகும். உண்மையைச் சொன்னால் தூக்கிவிடும். பாதி உண்மைக்குப் பாதிதான் தூக்கும். இந்த விஷயத்தில் அதற்குத் தயவு தாட்சண்யமே கிடையாது.

அதனால் பயணிகளுக்கெல்லாம் மிதவை வருவதற்கு முன்பே வாயைத் துணியால் கட்டிவிடுவோம். வாய்த்துணி கட்டாமல் வர உரிமை உள்ளவர்கள் சுக்கான் பிடிப்பவரும் துடுப்புக்காரரும்தான். வீட்டு ஆள்தானே என்று என் கணவரை ஒரு தடவை கட்டாமல் ஏற்றிவிட்டோம். அவர் படகுத் தச்சர். நல்ல மனிதர், அதுதான் பிரச்சினையே. உள்ளே போனதும் முழங்காலைப் பலகையில் நங்கென்று இடித்துக்கொண்டார். எல்லாரும் பதறித் திரும்பிப் பார்க்க, இவர் பல்லைக் கடித்துக்கொண்டு, "பரவாயில்லை" என்றார். படகு மூன்றடி இறங்கியது. "ஐயோ, வலி உயிர் போகுது!" என்று அலறிய பிறகுதான் மேலே வந்தோம். அதோடு சரி, எந்தப் படகிலும் அவரை ஏற்றுவதில்லை.

தண்ணீரில் அடக்கி வைப்பதையெல்லாம் எங்கள் ஊர்க்காரர்கள் கரையில் வட்டியும் முதலுமாகத் தீர்த்துக்கொள்வார்கள். எங்களைப் போல வாய் கூசாமல் பொய் சொல்கிறவர்களை நீங்கள் எங்கேயும் பார்க்க முடியாது. பிடிக்காத சட்டையைப் பிரமாதம் என்போம். பசி வயிற்றைக் கிள்ளும்போது இப்போதுதான் சாப்பிட்டேன் என்போம். இதில் யாரும் யாரையும் குறை சொல்வதில்லை, மரியாதைக்குச் சொல்கிற பொய்தானே. ஆனால் ஒரு சங்கடம் உண்டு. கரையில் கேட்டால் பொய் வரும், உள்ளே கேட்டால் உயிர் போகும். ஆக மொத்தம் எங்கள் ஊரில் யாரும் யாரையும் முக்கியமான எதையும் கேட்பதே இல்லை.

இனி அத்தையின் கதைக்கு வருகிறேன். பதினான்கு மாதத்துக்கு முன்னால் துறையின் மேல்படியில் சறுக்கி விழுந்தார். முப்பத்தோரு வருடம் தண்ணீர் ஒன்றும் செய்யாதவரைக் காய்ந்த கல் சாய்த்துவிட்டது. இடுப்பெலும்பு முறிந்து, அன்றிலிருந்து முன்னறைக் கட்டிலில்தான் வாசம். அதுவரை அவர் படகில் துடுப்புப் போட்டுக்கொண்டிருந்த என் கைக்கு அவர் பிடித்த சுக்கான் வந்தது. அவரும் என் கைக்கு வந்தார்.

காலையில் அவரைப் புரட்டி, துடைத்து, உடை மாற்றி, கஞ்சி கொடுத்துவிட்டுத் துறைக்கு ஓடுவேன். இரண்டு நடை போய்விட்டு வந்து, நாற்பது வாய்த்துணிகளை வெந்நீரில் ஊற வைத்து, அலசி, பின்பக்கக் கொடியில் போடுவேன். பாதியில் முன்னறையிலிருந்து தடி தரையைத் தட்டும். ஒரு தட்டு என்றால் தண்ணீர். இரண்டு தட்டு தலையணை. மூன்று தட்டு என்றால் போட்டது போட்டபடி ஓடி வா. நான்கு தட்டு எதற்கு என்று எனக்குத் தெரியாது. ஈரக் கையோடு போய் நின்றால், "ஒண்ணுமில்ல, போ" என்பார். என்னை எரிச்சலூட்டத்தான் என்று முடிவு செய்துவைத்திருந்தேன். நானும் சும்மா இருக்கிற ஆள் இல்லை. அவர் ஒன்று சொன்னால் நான் இரண்டு சொல்வேன். எங்கள் வீட்டுச் சண்டை தெருமுனை வரை கேட்கும்.

ஒரு நாள் துணி காயப்போடும்போது பக்கத்து வீட்டுக்காரி மதிலுக்கு மேல் தலையை நீட்டி, "எளைச்சுப் போயிட்டியே" என்றாள். அன்றைக்கு என்னவோ எனக்குப் பொய் சொல்லத் தெம்பில்லை. "என்னால முடியல அக்கா. இது எப்பதான் முடியுமோ" என்றேன். சொன்ன பிறகு அழுகை வந்தது. முன்னறை ஜன்னல் திறந்திருந்ததை நான் கவனிக்கவில்லை.

அடுத்த வாரம் என் நாத்தனாரிடமிருந்து கடிதம் வந்தது. அம்மாவை நான் வைத்துக்கொள்கிறேன், அனுப்பிவிடுங்கள் என்று எழுதியிருந்தாள். அக்கரையில் இறங்கி, மூன்று நாள் வண்டியில் போகிற மலையூர் அவளுடையது. இந்த இடுப்போடு அந்தப் பயணத்தை ஒரு தடவைதான் தாங்கலாம் என்று வைத்தியர் சொல்லிவிட்டார். போனால் போனதுதான்.

"எனக்கும் மக வீட்டுல இருக்கணும்னு ரொம்ப நாளா ஆசை" என்றார் அத்தை.

"உங்க இஷ்டம் அத்தை. நீங்க சந்தோஷமா இருந்தா எங்களுக்கும் சந்தோஷம்தான்" என்றேன் நான்.

"ஒரு மாசம் இருந்துட்டு வரட்டுமே" என்றார் என் கணவர்.

மூன்று பேரும் சிரித்த முகமாகவே இருந்தோம். அன்று இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை. இவர் போய்விட்டால் தூங்கலாம் என்று பதினான்கு மாதம் நினைத்தவள், போகப் போகிறார் என்றதும் கொட்டக் கொட்ட விழித்துக்கொண்டிருந்தேன். அத்தை போக ஆசைப்படுகிறாரா, நான் துரத்திவிட்டேனா? கேட்கலாம். கேட்டு என்ன, கரையில் வரப்போவது கரைப் பதில்தானே.

கிளம்பும் நாளன்று பயணிகள் யாரையும் ஏற்றவில்லை. என் கணவர் தன் கையாலேயே ஒரு நாற்காலி செய்து, படகின் நடுவில் சுக்கானைப் பார்த்தபடி முடுக்கியிருந்தார். சாய்வுப் பலகையை அத்தையின் முதுகு அளவுக்கு இழைத்து இழைத்து நான்கு நாள் வேலை செய்திருந்தார். அம்மாவைத் தூக்கி அதில் உட்கார வைத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"கண்ணுல தூசி" என்றார்.

"மரத்தூளா இருக்கும்" என்றார் அத்தை.

துடுப்புப் போட்டவன் பூட்டு. அவனுக்கு அம்மா அப்பா வைத்த பெயர் வேறு ஏதோ உண்டு. கரையிலேயே வாய் திறக்காதவன் என்பதால் ஊர் வைத்த பெயர் இது. பதினெட்டு வருடமாக எங்கள் படகில் இருக்கிறான். அவன் குரல் எப்படி இருக்கும் என்று கேட்டால் நான் யோசிக்க வேண்டும்.

பழக்கத்தில் நான் ஒரு வாய்த்துணியை எடுத்துக்கொண்டு அத்தையிடம் போனேன். அவர் முறைத்த முறைப்பில் மடித்துப் பெட்டிக்குள் வைத்துவிட்டேன். முப்பத்தோரு வருடம் சுக்கான் பிடித்தவருக்கு வாயைக் கட்ட வந்தது என் தப்புதான்.

மிதவைகளைத் தாண்டினோம். நீர் பால் கலந்தது போல வெளுத்தது. துடுப்பு படுகிற இடமெல்லாம் வெளிச்சம் வட்டம் வட்டமாக விரிந்து கீழே இறங்கியது. உள்ளே இருக்கிற மீன்கள் வேறு மாதிரி. பேச்சுச் சத்தம் கேட்டால் நீருக்கு மேலே தலையை நீட்டிக்கொண்டு நிற்கும், எங்கள் பக்கத்து வீட்டுக்காரி மாதிரியே. அத்தை நாற்காலியின் கைப்பிடியைப் பிடித்தபடி நாலாபுறமும் பார்த்தார். பதினான்கு மாதமாக ஜன்னல் வழியாகத் தெரிந்த ஒரு சாண் கடலைப் பார்த்துக்கொண்டு கிடந்தவர். அவர் முகம் மலர்ந்துபோயிருந்தது. ஒரு நடைக்காவது அவரை முன்பே கூட்டி வந்திருக்கலாம் என்று தோன்றியது.

பாதித் தூரம் வந்திருப்போம். அத்தை என்னைப் பார்த்தார்.

"ஏண்டி, நான் செத்துப்போனா உனக்கு நிம்மதியா இருக்குமா?"

நான் சுக்கானை விட்டுவிட்டேன். மீன்கள் நீட்டிய தலை நீட்டியபடி நின்றன. படகு மெல்ல இறங்க ஆரம்பித்தது.

"அத்தை! என்ன பேச்சு இதெல்லாம். எடம் தெரியாமப் பேசறீங்க."

அது பதில் இல்லை. இன்னொரு முழம் இறங்கினோம். நீர் விளிம்பு என் முழங்கையருகே வந்தது. அத்தை நகராமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பூட்டு துடுப்பை உள்ளே இழுத்து மடியில் வைத்துக்கொண்டான்.

"இருக்காது" என்றேன்.

அடியில் இருந்ததை யாரோ உருவிவிட்டது போலப் படகு விழுந்தது. சுற்றிலும் வெள்ளைச் சுவர். தலைக்கு மேலே வானம் ஒரு கிணற்று வாய் அளவுக்குச் சுருங்கிவிட்டது. சுவருக்குள்ளிருந்து மீன்கள் பக்கவாட்டில் எங்களைப் பார்த்தன. இருபது வருடம் இந்தத் தொழிலில் இருக்கிறேன், இவ்வளவு ஆழத்துக்கு நான் போனதில்லை.

பயத்தில்தான் உண்மை வந்தது. ஆசையாக ஒன்றும் சொல்லவில்லை.

"இருக்கும்" என்று கத்தினேன். "நிம்மதியா இருக்கும்! கேட்டுக்குங்க!"

படகு மேலே எழும்பி, பாதியில் நின்றுவிட்டது. அத்தையின் முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை. சுவர் இன்னும் என் தோளுக்கு மேலேதான் இருந்தது. பாதி உண்மை. மீதியை எங்கே போய்த் தேடுவது என்று எனக்கே தெரியவில்லை. வாயில் வந்ததைச் சொல்ல ஆரம்பித்தேன்.

"தினமும் ராத்திரி ஒரு தடவை எழுந்து வந்து, நீங்க மூச்சு விடறீங்களான்னு பாக்கறேன் அத்தை. சட்டுனு கேக்கலேன்னா என் மூச்சு நின்னு போயிடுது. குனிஞ்சு காதை வச்சுக் கேப்பேன். கேட்டதும் அப்பாடான்னு போய்ப் படுப்பேன். படுத்ததும், கடவுளே இது எப்ப முடியும்னு நெனைப்பேன். ரெண்டும் நான்தான். ஒரே ராத்திரியில, ஒரே பாயில. உங்க மேல கோவம் கோவமா வருது. உங்களை இன்னொருத்தி புரட்டிப் போடறதை நெனச்சா அதைவிடக் கோவம் வருது. அவளுக்கு உங்க இடது பக்கம் வலிக்கும்னு தெரியுமா, கஞ்சி ஆறினா பிடிக்காதுன்னு தெரியுமா. ரெண்டும் தெரியாது. எனக்குத் தூங்கணும் அத்தை. அவ்வளவுதான். நீங்க சாகணும்னு இல்ல, எனக்கு ஒரு ராத்திரி முழுசாத் தூங்கணும்."

சொல்லி முடித்தபோது கண்ணைத் துடைத்துக்கொண்டு பார்த்தேன். படகு நீர்மட்டத்தில் மிதந்துகொண்டிருந்தது. எப்போது மேலே வந்தோம் என்றே தெரியவில்லை. நல்லவேளை, பேச்சு வேகத்தில் நடுவே நான் போட்ட இரண்டு கேள்விக்கும் பதிலை நானே சொல்லிவிட்டிருந்தேன்.

அத்தையும் அழுதுகொண்டிருந்தார். அவர் அழுது நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

"மதில்கிட்ட நின்னு நீ சொன்னது என் காதுல விழுந்துச்சு" என்றார். "மககிட்ட நான்தான் சொல்லி அனுப்பினேன், கூப்பிட்டு எழுதுன்னு. ஆனா கரையில சொன்ன பேச்சு. அது எவ்வளவு நெசம், எவ்வளவு அலுப்புன்னு எனக்குப் புரியல. தெரிஞ்சுக்காம அங்க போய்க் கெடந்தா, அதையே நெனச்சு நெனச்சு மண்டை வெடிச்சுடும். அதான் இங்க வந்து கேட்டேன். பூட்டுகிட்ட முந்தாநாளே சொல்லிட்டேன், உசிருக்கு ஆபத்துன்னு. தலையாட்டினான்."

நான் பூட்டைப் பார்த்தேன். அவன் அடிவானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"என்கிட்ட சொல்லல" என்றேன்.

"சொன்னா நீ பதிலைத் தயார் பண்ணிக்கிட்டு வருவே."

அவர் சொன்னது கேள்வி இல்லை, அதனால் தண்ணீர் சும்மா இருந்தது. படகு அசையாமல் நின்றது. நான் சுக்கானைப் பிடித்துக் கட்டளை கொடுக்க வேண்டும். எந்தப் பக்கம் என்று கொடுப்பது? அத்தைக்கு உண்மையிலேயே மகளிடம் போக ஆசை இருந்தால்? அதைக் கேட்க வேண்டியவள் நான்தான். நாக்கு எழவில்லை. இருபது வருடப் பழக்கம் தாடையைப் பூட்டி வைத்திருந்தது. கேட்டு, போக வேண்டும் என்று அவர் சொல்லி, படகு கொஞ்சமும் இறங்காமல் நின்றுவிட்டால் அதை எப்படித் தாங்குவது என்ற பயமும் இருந்தது.

அப்போதுதான் பூட்டு துடுப்பை வெளியே எடுத்து நீரில் வைத்தான். தொண்டையைச் செருமினான்.

"எந்தப் பக்கம்?" என்றான்.

அவன் குரல் சின்னக் குரல். அவ்வளவு பெரிய உடம்புக்கு அது பொருத்தமாகவே இல்லை. ஆனால் கேள்வி கேள்விதான். படகு இறங்க ஆரம்பித்தது. பதில் சொல்ல வேண்டியது சுக்கான் பிடிப்பவள், நான். வாயைத் திறந்தேன்.

அத்தை முந்திக்கொண்டார்.

"வீட்டுக்குத் திருப்புடா" என்றார். குரல் உடைந்திருந்தது. "எனக்கு வீட்டுக்குப் போகணும்."

ஒரு முழம் இறங்கியிருந்த படகு, குழந்தையைத் தூக்குவது போல மேலே வந்தது. நான் சுக்கானைத் திருப்பினேன். பூட்டு வழக்கத்தைவிட வேகமாகத் துடுப்புப் போட்டான்.

கொஞ்ச தூரம் போனதும் அத்தை கண்ணைத் துடைத்து, மூக்கைச் சிந்தி, பழைய ஆளாக மாறிவிட்டார்.

"இனிமே தடியால தரையைத் தட்ட மாட்டேன்" என்றார்.

படகு ஒரு முழம் பொசுக்கென்று இறங்கியது.

"சரி சரி, கொறைச்சுக்கறேன்" என்றார் அவசரமாக. அரை முழம்தான் ஏறியது. "கொறைச்சுக்கப் பாக்கறேன்!" மீதியும் ஏறியது.

நான் சிரித்த சிரிப்பில் சுக்கான் ஆடியது. பூட்டின் தோள்களும் குலுங்கின. சிரித்து ஓய்ந்த பிறகு எனக்குக் கொஞ்சம் தைரியம் வந்திருந்தது. என் தொழிலில் நான் செய்யக் கூடாததை என் வாழ்நாளில் முதல் தடவையாகச் செய்தேன்.

"அத்தை, நாலு தட்டு எதுக்கு?"

அவர் உடனே சொல்லவில்லை. பள்ளம் மெல்ல விழுந்தது. அவர் சொல்வார் என்று தெரிந்ததால் எனக்குப் பயமாக இல்லை.

"எதுக்கும் இல்ல" என்றார் தண்ணீரைப் பார்த்தபடி. "நீ வீட்டுலதான் இருக்கியான்னு தெரிஞ்சுக்கத்தான். வந்து நின்னு மூஞ்சியைத் தூக்கி வச்சுக்குவே பாரு, அதைப் பாத்தா எனக்கு நிம்மதி."

படகு மேலே வந்தது, நான் சுக்கானை மிதவைகளை நோக்கி நேராக்கினேன்.

துறையில் என் கணவர் நாங்கள் விட்டுப் போன இடத்திலேயே நின்றுகொண்டிருந்தார். காலையிலிருந்து நகரவில்லை போலிருக்கிறது. திரும்பி வருகிற படகையும் நாற்காலியில் அம்மா உட்கார்ந்திருப்பதையும் பார்த்து, முட்டளவு நீரில் ஓடி வந்தார். நாங்கள் சிவப்பு மிதவையை எப்போதோ தாண்டிவிட்டோம். கரை நீர் அது, என்ன வேண்டுமானாலும் சொல்லலாம்.

"உன் பொண்டாட்டிக்கு சுக்கான் பிடிக்கவே தெரியல" என்றார் அத்தை. "எதிர்காத்துல திரும்ப வேண்டியதாப் போச்சு."

"ஆமாங்க, பயங்கரமான காத்து" என்றேன் நான்.

என் கணவர் துறைக் கம்பத்தில் தொங்கிய கொடியைப் பார்த்தார். கொடி துவண்டு கிடந்தது. பிறகு எங்கள் மூன்று பேரின் வீங்கிய கண்களையும் பார்த்தார்.

"இனிமே நீங்க போக வேண்டாம்மா" என்றார்.

"போகல. ராத்திரி முறை இனிமே உனக்கு. மாசம் முழுக்க. அவ தூங்கட்டும்" என்றார் அத்தை.

என் கணவர் அம்மாவை நாற்காலியிலிருந்து தூக்கித் தோளில் சாய்த்துக்கொண்டார். படியேறும்போது அதே முழங்காலைக் கல்லில் இடித்துக்கொண்டார். சத்தம் எனக்கே கேட்டது. கண்ணில் நீரோடு திரும்பி, வாயெல்லாம் சிரிப்பாக, "பரவாயில்லை" என்றார்.

அந்த வார்த்தையை இந்தத் தடவை அவர் உள்ளே போய்ச் சொல்லியிருந்தாலும் படகு ஒரு விரல்கூட இறங்கியிருக்காது.